2050 நவம்பர் வரை: வீட்டுக்கடன் தந்த வங்கிக்கு ஒரு தையல்காரரின் திறந்த மடல்

பெறுநர்: வீட்டுக்கடன் பிரிவின் பொது மேலாளர் அவர்கள், நான் கடன் வாங்கிய வங்கியின் தலைமை அலுவலகம்.

ஐயா,

ஜனவரி 2-ஆம் தேதி உங்கள் வங்கியிலிருந்து என் செல்போனுக்கு ஆங்கிலத்தில் ஒரு குறுஞ்செய்தி வந்தது. என் வீட்டுக்கடன் வட்டி 8.25 சதவீதமாகக் குறைந்துவிட்டதாம். இனி மாதத் தவணை 14,718 ரூபாயாம். கடைசியில் வாழ்த்து வேறு. கடன் எப்போது முடியும் என்பது மட்டும் அதில் இல்லை. கிளைக்குப் போய்க் கேட்டேன். 2050 நவம்பர் என்றார்கள். 2020-இல் என்னிடம் கையெழுத்து வாங்கியபோது நீங்கள் சொன்னது 2040 டிசம்பர்.

நடுவில் முளைத்த அந்தப் பத்து வருஷத்தைப் பற்றித்தான் எழுதுகிறேன். வங்கியின் பெயரையும் கிளையின் பெயரையும் வேண்டுமென்றே போடவில்லை. கவுண்டரில் உட்கார்ந்திருக்கிற பிள்ளைகளைத் திட்டி ஆகப்போவது ஒன்றுமில்லை. அவர்கள் கம்ப்யூட்டர் காட்டுவதைச் சொல்கிறார்கள். கம்ப்யூட்டர் என்ன காட்ட வேண்டும் என்று முடிவு செய்கிறவர் நீங்கள்.

நான் வண்ணார்பேட்டையில் தையல் கடை வைத்திருக்கிறேன். மூன்று மெஷின். பாளையங்கோட்டைப் பள்ளிக்கூடங்களின் யூனிஃபார்ம்தான் பிழைப்பு. மே, ஜூனில் ராத்திரி பகலாக ஓடும், மற்ற மாதங்களில் பிளவுஸ், ஆல்ட்டரேஷன் என்று உருளும். கே.டி.சி. நகர் தாண்டி மூன்றேகால் சென்டில் ஒரு வீடு கட்டினோம். அதற்காக 20 லட்சம் கடன். 7 சதவீத வட்டி, 240 தவணை, மாதம் 15,506 ரூபாய். 2021 ஜனவரியில் முதல் தவணை. அப்போது எனக்கு வயது 40. அறுபதில் கடனும் முடியும், மெஷினையும் மூடலாம் என்று நானும் வீட்டுக்காரியும் பேசிக்கொண்டோம்.

அன்றைக்கே 15,506-ஐ 240-ஆல் பெருக்கிப் பார்த்திருக்க வேண்டும். பார்க்கவில்லை. 37,21,440 ரூபாய் வருகிறது. 20 லட்சத்துக்கு 17 லட்சத்துச் சொச்சம் வட்டி. உங்கள் ஆள் அந்தத் தொகையை வாயால் ஒரு தடவைகூடச் சொல்லவில்லை. "ஒரு நாளைக்கு 500 ரூபாய்தான் அண்ணாச்சி" என்றார். வாடகைக்குக் கொடுப்பதைத் தவணையாகக் கட்டினால் வீடு நமக்கு என்றார். வரிச்சலுகை உண்டு என்றும் சொன்னார். நான் வருமான வரி கட்டுகிற அளவுக்குச் சம்பாதிப்பவனே இல்லை. லோனுக்காகத்தான் கணக்குத் தாக்கல் செய்தேன். வரியே இல்லாதவனுக்கு என்ன சலுகை என்று கேட்க அன்றைக்குத் தோன்றவில்லை.

போகட்டும், அது என் தப்பு. 37 லட்சத்துக்கு நான் கையெழுத்துப் போட்டது உண்மை. அதற்கு மேல் நடந்தவற்றுக்கு நான் எங்கே கையெழுத்துப் போட்டேன்?

முதல் பதினெட்டு மாதம் ஒழுங்காகப் போனது. 2,79,108 ரூபாய் கட்டினேன், அசலில் 72,000 சொச்சம் குறைந்தது. முதல் வருஷங்களில் வட்டிதான் அதிகம் போகும், அது எந்த வங்கியிலும் அப்படித்தான் என்பது இப்போது எனக்குத் தெரியும். முதல் தவணை 15,506-இல் 11,667 வட்டிக்கு, 3,839 அசலுக்கு. பாக்கி குறையக் குறையத்தான் அசலுக்குப் போகிற பங்கு கூடும்.

2022 மே மாதம் ரிசர்வ் வங்கி, வங்கிகளுக்குத் தான் கடன் கொடுக்கிற ரெப்போ வட்டியை ஏற்ற ஆரம்பித்தது. 4 சதவீதமாக இருந்தது மே மாதம் 4.40, ஜூனில் 4.90, ஆகஸ்டில் 5.40, செப்டம்பர் கடைசியில் 5.90 ஆனது. என் கடன் ரெப்போவோடு கட்டப்பட்டது. அது ஏறினால் இதுவும் ஏறும். அதிலும் எனக்குச் சண்டை இல்லை. அக்டோபரில் என் வட்டி 8.90 ஆகிவிட்டது. ஆனால் தவணை மட்டும் அதே 15,506! பேப்பரில் வட்டி ஏறியது, வட்டி ஏறியது என்று எழுதுகிறார்களே, நம்ம வங்கி நம்மைக் காப்பாற்றி வைத்திருக்கிறது என்று நான் பெருமையாகப் பக்கத்துக் கடைக்காரரிடம் சொன்னேன். இதை நினைத்தால் இன்றைக்கும் வெட்கமாக இருக்கிறது.

2023 ஜனவரியில் தவணை 15,982 ஆனது. ஏன் என்று கேட்கப் போனேன். கவுண்டரில் இருந்த தம்பி சொன்ன பதில் இது: "இதுக்கு மேல நீட்ட முடியாது அண்ணாச்சி. 70 வயசு லிமிட் வந்துட்டு. அதான் இ.எம்.ஐ. கூடியிருக்கு." எதை நீட்டினீர்கள் என்று கேட்டேன். திரையை என் பக்கம் திருப்பிக் காட்டினார். பாக்கித் தவணை 335 என்றிருந்தது. 240-இல் 24 கட்டி முடித்தவனுக்கு 216 அல்லவா இருக்க வேண்டும்? இரண்டு தடவை உற்றுப் பார்த்தேன். 335-தான்.

கடைக்கு வந்து அளவு நோட்டின் பின்பக்கத்தில் கோடு போட்டேன். பி.காம். படிக்கிற என் மகள் செல்போனில் கணக்குப் போட்டுச் சொல்லச் சொல்ல நான் எழுதினேன். மாதம், வட்டி, அசல், பாக்கி என்று நாலு கட்டம். முன்பக்கத்தில் தோள் பதினாலரை, கை ஏழு என்று பிள்ளைகளின் அளவு. பின்பக்கத்தில் என் கடன். 2022 அக்டோபர் வரியில் எழுதியிருப்பதை அப்படியே தருகிறேன்: தவணை 15,506, வட்டி 14,231, அசல் 1,275. ஒரு மாதம் முழுக்கத் தைத்துக் கட்டியதில் கடன் குறைந்தது ஒரு கொத்தனாரின் ஒரு நாள் கூலி அளவுக்கு.

மகள் இன்னொன்றும் போட்டுக் காட்டினாள். அந்த அக்டோபரில் நீங்கள் வருஷத்தைத் தொடாமல் தவணையை ஏற்றியிருந்தால் எவ்வளவு வந்திருக்கும்? 17,750 ரூபாய். மாதம் 2,244 கூடுதல். அப்படிக் கட்டியிருந்தால் மீதி 219 மாதத்துக்கு 38,87,250 ரூபாய். நீங்கள் செய்தபடி பழைய தவணையிலேயே 338 மாதம் என்றால் 52,41,028 ரூபாய். வித்தியாசம் பதிமூன்றரை லட்சம். மாதம் 2,244 என்பது எனக்குச் சின்னத் தொகை இல்லை, நாலு செட் யூனிஃபார்ம் கூடுதலாகத் தைக்க வேண்டும். ஆனால் தைத்திருப்பேன். ஒரு போன் போட்டு, "அண்ணாச்சி, மாசம் 2,244 கூடக் கட்டுறீங்களா, இல்ல 70 வயசு வரைக்கும் கட்டுறீங்களா?" என்று யாராவது கேட்டிருந்தால் நான் என்ன சொல்லியிருப்பேன் என்று உங்களுக்கே தெரியும்.

இதற்கிடையில் 2023 டிசம்பர் 17, 18 பெருவெள்ளம். அதைப் பற்றித் திருநெல்வேலிக்காரர் யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. தாமிரபரணி கடைக்குள் வந்தது. மெஷின் மோட்டார் மூன்றும் போயின. அந்த மாதத் தவணையையும் வீட்டுக்காரியின் வளையலை அடகு வைத்துத் தேதி தவறாமல் கட்டினோம். இதைச் சொல்வது அனுதாபத்துக்காக இல்லை. ஐந்து வருஷத்தில் ஒரு தவணைகூடத் தவறியதில்லை என்பது உங்கள் ஏட்டிலும் இருக்கும்.

சரி, ஏறும்போது வருஷத்தை நீட்டினீர்கள். இறங்கும்போதாவது வருஷம் குறையும் என்று காத்திருந்தேன். 2025-இல் ரெப்போ பிப்ரவரி, ஏப்ரல், ஜூன், டிசம்பர் என்று நாலு தடவை இறங்கி 6.50-இலிருந்து 5.25-க்கு வந்தது. நடுவில் 16,322 வரை ஏறியிருந்த என் தவணையும் 15,994, 15,030, இப்போது 14,718 என்று இறங்கியது. ஆனால் கடைசித் தேதி 2050 நவம்பரை விட்டு நகரவில்லை! ஏறினால் காலத்தை நீட்டுவது, இறங்கினால் தவணையைக் குறைப்பது. இரண்டில் எது நடந்தாலும் நான் உங்களிடம் இருக்கிற காலம் மட்டும் குறைவதே இல்லை. இதை யார் உட்கார்ந்து யோசித்தார்கள் என்று தெரிந்துகொள்ள எனக்கு உண்மையிலேயே ஆசை.

இன்றைய நிலவரம் இதுதான். 60 தவணை, மொத்தம் 9,49,980 ரூபாய் கட்டியிருக்கிறேன். அசலில் குறைந்தது 1,35,247. இன்னும் 18,64,753 பாக்கி. இப்படியே 299 மாதம் போனால் மேலும் 44 லட்சம். ஆக 20 லட்சம் வாங்கியவன் கட்டி முடிப்பது 53 லட்சத்து 50 ஆயிரம்.

நான் கிளையில் கேட்டது ஒன்றே ஒன்று: "எனக்குத் தவணையைக் குறைக்க வேண்டாம். பழைய 16,322-ஐயே எடுத்துக்கொள்ளுங்கள், வருஷத்தைக் குறையுங்கள்." அப்படிக் கட்டினால் 225 தவணையில், 2044 செப்டம்பரில் கடன் முடிகிறது. ஆறு வருஷமும் ஏழு லட்சத்துக்கு மேலும் மிச்சம். பதில், "சிஸ்டத்துல அந்த ஆப்ஷன் இல்ல." அப்படியானால் வித்தியாசம் 1,604 ரூபாயை மாதாமாதம் அசலில் கட்டிவிடுகிறேன் என்றேன். முன்கூட்டிக் கட்டுவதென்றால் குறைந்தது ஒரு முழுத் தவணை அளவாவது வேண்டுமாம். அப்புறம் அந்தத் தம்பி சிரித்துக்கொண்டே, "இ.எம்.ஐ. குறைஞ்சிருக்குல்லா அண்ணாச்சி, எல்லாரும் சந்தோஷமாப் போறாவ, நீங்க மட்டும் கூடக் கட்டுதேங்கியளே" என்றார். நானும் சிரித்துவிட்டு வந்தேன். வெளியே வந்ததும் சிரிப்பு நின்றது.

2050-இன் 14,718 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு இருக்காது, அதையும் கணக்கில் எடுக்க வேண்டும் என்று மகள் சொன்னாள். நியாயம்தான். ரூபாயின் மதிப்பு குறையும். ஆனால் எழுபது வயதில் ஊசியில் நூல் கோக்கிற கண்ணின் மதிப்பும் குறையும் அல்லவா? அன்றைக்கு அந்தச் சின்னத் தொகையை யார் சம்பாதிப்பது?

இன்னொரு விஷயம், இன்ஷூரன்ஸ். கடன் போடும்போது 80,000 ரூபாய் ஒரே பிரீமியமாகப் பிடித்தீர்கள். கையில் கேட்கவில்லை, கடனிலேயே சேர்த்துவிட்டீர்கள். என் வீட்டுக்கு வந்தது 19,20,000-தான். 20 லட்சத்துக்கு வட்டி கட்டுகிறேன். அந்த எண்பதாயிரம் மட்டும் பழைய கணக்குப்படியே 240 தவணையில் 1,49,000 ரூபாய் ஆகிறது. சரி, நான் போய்ச் சேர்ந்தால் வீடு பிள்ளைக்கு மிஞ்சும் என்று மனசைத் தேற்றிக்கொண்டேன். போன வாரம் பாலிசியை எடுத்துப் படித்தால், காப்பு 2040-ஓடு முடிகிறது. தொகையும் வருஷத்துக்கு வருஷம் பழைய அட்டவணைப்படி குறைந்துகொண்டே வருகிறது. கடனை 2050 வரை நீட்டியபோது பாலிசியை நீட்டவில்லை. அறுபதிலிருந்து எழுபது வரை, ஆள் சாய வாய்ப்பு அதிகமான வயதில், கடன் மட்டும் உண்டு, காப்பு இல்லை. இதை ஒரு வரியில்கூட யாரும் தெரிவிக்கவில்லை.

எங்கள் பக்கத்தில் தண்டல் என்று ஒன்று உண்டு, கேள்விப்பட்டிருப்பீர்கள். 10,000 என்று எழுதி 8,500 கையில் தருவார்கள். தினம் 100 வீதம் 100 நாள். கொள்ளை வட்டி. அதை நான் நல்லது என்று சொல்லவே மாட்டேன். 2017 அக்டோபரில் கந்துவட்டிக் கொடுமை தாங்காமல் ஒரு கூலித் தொழிலாளி, மனைவி, இரண்டு சின்னப் பிள்ளைகளோடு நெல்லை ஆட்சியர் அலுவலக வளாகத்தில் தீக்குளித்தார். நாலு உயிரும் போயின. என் கடையிலிருந்து நடந்து போகிற தூரம்தான் அந்த அலுவலகம் இருக்கிற கொக்கிரகுளம். அன்றைக்குத்தான் நானும் வீட்டுக்காரியும் முடிவு செய்தோம், என்ன ஆனாலும் வங்கியைத் தவிர வேறு எங்கும் கடன் இல்லை என்று. ஆனால் அந்தத் தண்டல்காரர் ஒரு அட்டை தருவார். அதில் நூறு கட்டம் இருக்கும். கட்டக் கட்ட ஒவ்வொரு கட்டத்திலும் கையெழுத்துப் போடுவார். நூறாவது கட்டம் எந்தத் தேதியில் வரும் என்று பூக்கட்டுகிற அக்காவுக்கும் தெரியும். எழுதப் படிக்கத் தெரியாதவருக்கும் புரிகிற அந்த அட்டையை உங்களால் தர முடியவில்லை.

2022-இல் நீங்கள் நீட்டியபோது விதி தெளிவாக இல்லை என்று நீங்கள் சொல்லலாம். 2023 ஆகஸ்ட் 18-ஆம் தேதி ரிசர்வ் வங்கி சுற்றறிக்கை விட்டுவிட்டது. மாறும் வட்டிக் கடனில் வட்டி மாறினால், அதனால் தவணையும் காலமும் என்ன ஆகும் என்று கடன்தாரருக்குச் சொல்ல வேண்டும். தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று அவரே தேர்ந்தெடுக்க வழி கொடுக்க வேண்டும். ஒரு பகுதியையோ முழுவதையுமோ எப்போது வேண்டுமானாலும் முன்கூட்டிக் கட்ட விட வேண்டும். மூன்று மாதத்துக்கு ஒரு முறை, இதுவரை வசூலித்த அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு, இன்னும் எத்தனை தவணை, ஆண்டு வட்டி எவ்வளவு என்று எளிதாகப் புரியும்படி அறிக்கை தர வேண்டும். பழைய கடன்களுக்கும் இது பொருந்தும், 2023 டிசம்பர் 31-க்குள் நடைமுறைக்கு வர வேண்டும் என்றும் அதில் இருக்கிறது. எனக்கு ஒரு ஆங்கிலக் குறுஞ்செய்தி, அதில் ஒரு லிங்க். அழுத்தினால் பாஸ்வேர்டு கேட்கிறது. இதை அறிக்கை தந்ததாக உங்கள் ஏட்டில் எழுதிக்கொண்டிருப்பீர்கள்.

2024 அக்டோபர் 1 முதல் வாங்குகிற புதுக்கடன்களுக்கு, எல்லாச் செலவையும் சேர்த்த ஆண்டு வட்டி வீதமும் தவணை அட்டவணையும் அடங்கிய முக்கிய விவரத் தாளைக் கடன்தாரருக்குப் புரிகிற மொழியில் தர வேண்டும். என் சித்தி மகன் போன வருஷம் வேறொரு வங்கியில் கடன் எடுத்தான். அவனுக்கு அந்தத் தாள் வந்தது, ஆங்கிலத்தில். கடைசிப் பக்கத்தில் பென்சிலால் பெருக்கல் குறி போட்டு, "இங்க ஒரு கையெழுத்து" என்றார்களாம். அவன் போட்டான். நானும் போட்டிருப்பேன். புது வீட்டுக்குப் பால் காய்ச்ச நாள் குறித்துவிட்டு நிற்கிறவன் எதில்தான் கையெழுத்துப் போடமாட்டான்?

நான் கேட்பவை இவை.

என் தவணையை வரும் மாதத்திலிருந்து 16,322 ரூபாய்க்கே மாற்றி, கடன் காலத்தை 225 மாதமாகக் குறைத்து எழுத்தில் உறுதி தர வேண்டும். யூனிஃபார்ம் சீசனில் கிடைப்பதை, அது 2,000 ரூபாயாக இருந்தாலும், அசலில் கட்ட அனுமதிக்க வேண்டும். மாறும் வட்டி வீட்டுக்கடனைத் தனிநபர் முன்கூட்டி அடைக்க அபராதம் கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. குறைந்தபட்சத் தொகை என்கிற பெயரில் அதே கதவை நீங்கள் சாத்தக் கூடாது.

2022 ஜூலையிலும் அக்டோபரிலும் என் கடன் காலத்தை நீட்டியது யார் ஒப்புதலின் பேரில் என்பதற்கான ஆவணத்தின் நகல் வேண்டும். இல்லையென்றால் இல்லை என்று எழுதித் தாருங்கள். இன்ஷூரன்ஸ் விஷயத்தில், கடன் 2040-ஐத் தாண்டிப் போகுமானால் காப்புக்கு என்ன வழி என்று பதில் வேண்டும்.

இனி வட்டி மாறுகிற ஒவ்வொரு தடவையும், எனக்கு மட்டுமல்ல, உங்களிடம் வீட்டுக்கடன் வைத்திருக்கிற எல்லோருக்கும் தமிழில் ஒரு பக்கத் தாள் தபாலில் வர வேண்டும். அதில் இரண்டே வரி போதும். தவணையை மாற்றினால் மாதம் இவ்வளவு, கடைசித் தேதி இது, மொத்தம் கட்டப்போவது இவ்வளவு. காலத்தை மாற்றினால் மாதம் இவ்வளவு, கடைசித் தேதி இது, மொத்தம் இவ்வளவு. கீழே டிக் போட இரண்டு கட்டம். பதில் வராவிட்டால் காலத்தை நீட்டுவது என்பது உங்கள் தானியங்கி முடிவாக இருக்கக் கூடாது.

இந்த மடலை விரைவுத் தபாலிலும் அனுப்பியிருக்கிறேன். 30 நாளில் பதில் வராவிட்டால், வந்த பதில் சரியில்லாவிட்டாலும், ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரான ஒம்புட்ஸ்மேனிடம் போவேன். அதற்குக் கட்டணம் இல்லை என்று மகள் பார்த்து வைத்திருக்கிறாள். அளவு நோட்டின் ஏழு பின்பக்கங்களை நகலெடுத்து இணைத்திருக்கிறேன். கணக்கில் எங்காவது பிழை இருந்தால் சிவப்பு மையில் திருத்தி அனுப்புங்கள்.

இப்படிக்கு,
ஒரு தவணையும் தவறாத கடன்தாரர்,
திருநெல்வேலி.